பூஜ்யம் சமம் 54

போன வியாழக்கிழமை ராத்திரி எட்டரை மணி இருக்கும். கொஞ்சம் காற்று வாங்கலாமென்று பாயைச் சுருட்டிக்கொண்டு மொட்டை மாடிக்கு ஏறினேன். பின்னாலேயே அக்கா மகன் கணக்கு நோட்டோடு வந்து நின்றான். கீழ் வீட்டில் அக்கா, மேல் வீட்டில் நான். அதனால் ஒன்பதாம் வகுப்பு வீட்டுப்பாடத்தில் பாதி எனக்கும் வந்து சேரும். திருவொற்றியூரில் எங்கள் தெருவுக்குக் கடல் காற்று வருவதே அபூர்வம், வந்தாலும் மெயின் ரோட்டில் வரிசையாக நிற்கிற டிரெய்லர் லாரிகளின் டீசல் வாசனையைக் கூட்டிக்கொண்டுதான் வரும். அன்றைக்கு அது இரண்டுமே இல்லை, கணக்குதான் இருந்தது.

“இன்னா மாமா, ஷீட்லயே தப்பா குட்த்துக்கிறாங்க” என்றான்.

டியூஷனில் கொடுத்த தாள். முதல் கணக்கு இது: ஓர் ஈரிலக்க எண்ணின் இலக்கங்களின் கூடுதல் 12. இலக்கங்களை இடம் மாற்றி எழுதினால் கிடைக்கும் எண் முதல் எண்ணைவிட 54 அதிகம். அந்த எண் எது?

அவன் முதல் இலக்கத்தை எக்ஸ் என்றும் இரண்டாவதை ஒய் என்றும் வைத்திருந்தான். கூட்டினால் 12, சரி. எண் எக்ஸ்ஒய், திருப்பினால் ஒய்எக்ஸ், வித்தியாசம் 54. அதற்கப்புறம்தான் விஷயம். எக்ஸை ஒய்யால் பெருக்கினாலும் ஒய்யை எக்ஸால் பெருக்கினாலும் ஒன்றுதானே, அதனால் ஒன்றிலிருந்து ஒன்றைக் கழித்து பூஜ்யம் போட்டுவிட்டான். ஆக, பூஜ்யம் சமம் 54. அடியில் இரண்டு கோடு போட்டு ‘கணக்கு தவறு’ என்று எழுதி, வாத்தியார் கையெழுத்து மாதிரி ஒரு சுழி வேறு.

சிரிப்பு வந்தது, ஆனால் அடக்கிக்கொண்டேன். பையன் போட்ட ஒவ்வொரு வரியும் அவனுக்குச் சொல்லிக்கொடுத்தபடிதான் இருந்தது. இயற்கணிதத்தில் இரண்டு எழுத்தை ஒட்டி எழுதினால் பெருக்கல் என்று சொன்னது நாம்தான். அதற்கு முன்னால் பல வருஷமாக 25 என்று இரண்டு இலக்கத்தை ஒட்டி எழுதினால் முதலாவது பத்து, அடுத்தது ஒன்று என்று சொன்னதும் நாம்தான். நடுவில் 2½ என்று எழுதிக் காட்டியபோது இரண்டோடு அரையைக் கூட்டிக்கொள் என்றோம். ஒட்டி உட்காருவது ஒன்றுதான், அர்த்தம் மட்டும் மூன்று இடத்தில் மூன்று. இதை ஒரு நாள் நிறுத்தி நிதானமாகச் சொல்லாமல் அடுத்த பாடத்துக்குத் தாவிவிடுகிறோம், அப்புறம் பையனுக்கு மூளை இல்லை என்கிறோம்.

எக்ஸ் ஒய்யைத் தூக்கிப் போடச் சொன்னேன். பத்தாம் இடத்தில் இருப்பதற்கு ப, ஒன்றாம் இடத்தில் இருப்பதற்கு ஒ. இப்போது எண் என்ன? “பஒ” என்றான். மறுபடியும் அதே பள்ளம்.

“சரி, முப்பத்தொன்பதை மெதுவா சொல்லு.”

“முப்பத்... தொம்போது.”

“இன்னும் மெதுவா. பிச்சுப் பிச்சுச் சொல்லு.”

“மு... பத்து... ஒம்போது.”

அவ்வளவுதான் விஷயம். மூன்று பத்து, ஒன்பது. எண்ணின் பெயரிலேயே சமன்பாடு இருக்கிறது. ப முறை பத்து, அதோடு ஒ. அதாவது 10ப + ஒ. இதற்காகத் தனியாக ஒரு சூத்திரம் மனப்பாடம் பண்ண வேண்டியதில்லை, நம் வாயில் ஒரு நாளைக்கு நூறு தடவை வந்து போவதுதான். பழைய தமிழ் எண்களில் இது இன்னும் அப்பட்டமாகத் தெரியும். 39-ஐ ௩௰௯ என்று எழுதினார்கள். ௩ என்றால் மூன்று, ௰ என்றால் பத்து, ௯ என்றால் ஒன்பது. பத்துக்குத் தனி எழுத்து, நூறுக்கு ௱, ஆயிரத்துக்கு ௲. வாயால் சொல்வதை அப்படியே எழுதிவிட்டார்கள். எங்கள் தியாகராஜர் கோயில் சுவரில் சோழர் காலத்துக் கல்வெட்டுகள் நிறைய உண்டு, பிரகாரம் சுற்றும்போது அவனுக்குக் காட்டி இதில் எண் எங்கே இருக்கிறது தேடு என்று ஒரு நாள் விட்டுவிட வேண்டும் என்று நெடுநாளாக நினைப்பு. இன்னும் செய்யவில்லை. அந்தப் பழைய முறையில் எழுதியிருந்தால் பையன் பஒ என்று ஒட்டியே எழுதியிருக்க மாட்டான், நடுவில் ௰ வந்து உட்கார்ந்திருக்கும்.

தலையை ஆட்டினான். ஆனால் பெரிய ஆட்டலாக இல்லை. அதனால் கீழே போய் அக்காவின் சில்லறை டப்பாவைத் தூக்கி வரச் சொன்னேன். மூன்று பத்து ரூபாய் நோட்டு, ஒன்பது ஒரு ரூபாய் நாணயம். பாயின் மேல் இடது பக்கம் நோட்டு, வலது பக்கம் நாணயம். மொத்தம் 39 ரூபாய். இப்போது இலக்கத்தை இடம் மாற்றுவது என்றால் என்ன? இடது பக்கம் ஒன்பது நோட்டு, வலது பக்கம் மூன்று நாணயம். அதற்கு ஆறு நாணயத்தை எடுத்துக்கொண்டு ஆறு பத்து ரூபாய் நோட்டு வைக்க வேண்டும். ஒரு ரூபாயை எடுத்துவிட்டுப் பத்து ரூபாய் வைத்தால் லாபம் எவ்வளவு? ஒன்பது. ஆறு தடவை அப்படிச் செய்தால்?

“அம்பத்தி நாலு!” என்று கத்தினான். கீழிருந்து அக்கா என்னடா என்று கேட்டாள். (டப்பாவில் ஆறு பத்து ரூபாய் நோட்டு இல்லை, காகிதம் கிழித்து எழுதி வைத்தோம். அதில் ஒன்று பறந்து பக்கத்து மாடிக்குப் போய்விட்டது.)

அதற்கப்புறம் எழுதுவது சுலபம். 10ஒ + ப என்பதிலிருந்து 10ப + ஒ-வைக் கழித்தால் ஒன்பது ஒ, மைனஸ் ஒன்பது ப. அதாவது இரண்டு இலக்கத்துக்கும் உள்ள வித்தியாசத்தைப் போல ஒன்பது மடங்கு. 54-ஐ ஒன்பதால் வகுத்தால் 6. கூடுதல் 12, வித்தியாசம் 6 என்றால் சின்னது 3, பெரியது 9. விடை 39. மூன்றிலக்கம் என்றாலும் இதே கதைதான், தலையும் வாலும் இடம் மாறும்போது ஒரு ரூபாய் நூறு ரூபாயாகிறது, லாபம் 99, நடுவில் இருப்பவர் அசையாமல் உட்கார்ந்திருக்கிறார், அவரைப் பற்றிக் கவலையே வேண்டாம்.

ஆனால் எங்கள் ஆள் விடவில்லை. “மாமா, தொண்ணூத்தி மூணுல பத்து எங்க கீது?”

நியாயமான கேள்வி. 39-ஐத் திருப்பினால் 93, அதில் ‘ஒன்பது பத்து’ என்று வருவதில்லை. தொண்ணூறில் நூறுதான் கேட்கிறது. தொள்ளாயிரத்தில் ஆயிரம். ஒன்பது என்ற பெயரிலேயே கடைசியில் ‘பது’ என்று பத்து ஒட்டிக்கொண்டிருக்கிறது. ஒன்பதுக்குப் பழைய பெயர் தொண்டு. அந்தத் தொண்டு வந்தாலே தமிழில் எண் ஒரு மாடி மேலே ஏறி நின்றுவிடும், 9-க்குப் பத்தின் பெயர், 90-க்கு நூறின் பெயர், 900-க்கு ஆயிரத்தின் பெயர். இதை அவனிடம் சொன்னதும், “அப்ப ஒம்போது மட்டும் வாடகைக்கு மேல் வீட்ல இருக்குது, உன்ன மாதிரி” என்றான். என்ன சொல்ல.

விடை 39 என்றதும் எனக்கு வேறொன்று ஞாபகம் வந்தது. 39 எங்கள் பக்கத்து எண். வியாசர்பாடிக்கு அஞ்சல் குறியீடு 600039. திருப்பிப் போட்டால் 600093, அது சாலிகிராமம். வியாசர்பாடி ஃபுட்பால் மைதானத்திலிருந்து எழுந்து நேராக சினிமாக்காரர்கள் தெருவில் போய் உட்கார்ந்த மாதிரி. பையனுக்கு இது கணக்கைவிடப் பிடித்துவிட்டது. உடனே தண்டையார்பேட்டை 81-ஐத் திருப்பினோம், 18, தேனாம்பேட்டை. ராயபுரம் 13-ஐத் திருப்பினால் 31, சேத்துப்பட்டு. எண்ணூர் 57-ஐத் திருப்பினால் 75, பம்மல். பெரம்பூர் 11, திருப்பினாலும் பெரம்பூர்தான், பெரம்பூர்க்காரர்கள் எங்கேயும் போக மாட்டார்கள். ஒவ்வொரு ஜோடிக்கும் கழித்துப் பார்த்தான்: 54, 63, 18, 18. எல்லாம் ஒன்பதாம் வாய்ப்பாடு. தபால்காரர் கடைசி இரண்டு எண்ணை மாற்றிப் படித்தால் கடிதம் எவ்வளவு தூரம் போனாலும், எண்ணில் மட்டும் ஒன்பதின் மடங்காகத்தான் தவறும்.

இது எனக்குப் பள்ளிக்கூடத்தில் யாரும் சொல்லித் தெரியவில்லை. வேலையில்தான் தெரிந்தது. பாரிமுனை பக்கம் ஒரு கிளியரிங் ஏஜென்சியில், அதாவது ஹார்பர் சரக்குக்குப் பேப்பர் போட்டு வெளியே எடுத்துக்கொடுக்கிற ஆபீஸில், கணக்கு எழுதப் போனேன், இருபத்திரண்டு வயது. ஹார்பருக்கு வந்து போகிற சரக்குக்கு லாரி வாடகை, கூலி, டீ செலவு, ரசீது என்று நாள் முழுக்க வவுச்சர். சாயங்காலம் கேஷ் புக் டேலி ஆகவேண்டும், ஆகாவிட்டால் யாரும் வீட்டுக்குப் போக முடியாது. ஒரு நாள் 540 ரூபாய் இடித்தது. நான் முதல் வவுச்சரிலிருந்து ஒவ்வொன்றாக டிக் அடித்துக்கொண்டு வந்தேன். ஆபீஸில் மூத்த கணக்கர் ஒருவர் உண்டு, எல்லோருக்கும் அவர் பெரியவர். வெற்றிலையை மென்றுகொண்டே, “ஒம்போதால வகுத்துப் பாத்தியா?” என்றார்.

வகுத்தேன். 60.

“அப்ப யாரோ ரெண்டு நம்பரை மாத்திப் போட்டிருக்காங்க. பத்துக்கும் நூறுக்கும் நடுவுல. ஆறு வித்தியாசம் இருக்கற ஜோடியைப் பாரு, எட்டு ரெண்டு, ஏழு ஒண்ணு, ஒம்போது மூணு, இந்த மாதிரி.”

ஐந்து நிமிஷம்கூட ஆகவில்லை. லாரி வாடகை 5,820 என்று வவுச்சரில் இருந்தது, புத்தகத்தில் 5,280 என்று ஏறியிருந்தது. ஏற்றியவன் நான்தான். பெரியவருக்கு மந்திரம் எதுவும் தெரியாது, பாயில் சில்லறை வைத்து நாங்கள் பார்த்த அதே சங்கதிதான். வித்தியாசத்தின் கடைசியில் ஒரு பூஜ்யம் இருந்ததால் குழப்பம் ஒரு இடம் மேலே, பத்தும் நூறும். பூஜ்யமே இல்லாமல் 54 என்றிருந்தால் ஒன்றும் பத்தும். 5,400 என்றால் நூறும் ஆயிரமும். இன்னொன்றும் சொல்லிக்கொடுத்தார்: ஒன்பதால் போகவில்லை, ஆனால் இரட்டைப்படை என்றால் பாதியாக்கிப் பார், அந்தத் தொகை வரவில் எழுத வேண்டியது செலவில் போயிருக்கும், அல்லது அங்கிருந்து இங்கே.

இதைக் கற்றுக்கொண்ட திமிரில் ஒரு மாதம் கழித்து ஒரு நாள் 450 இடித்தபோது, பெரியவர் கேட்பதற்கு முன்பே ஒன்பதால் வகுத்து 50 என்று வைத்துக்கொண்டு, ஐந்து வித்தியாசம் உள்ள ஜோடிகளைத் தேடினேன் தேடினேன், இரண்டு மணி நேரம் தேடினேன். இருந்த ஜோடியெல்லாம் சரியாக இருந்தது. கடைசியில் பார்த்தால் கூலிக்குக் கொடுத்த 450 ரூபாய் வவுச்சர் பேடுக்கு அடியில் மாட்டிக்கொண்டு புத்தகத்தில் ஏறவே இல்லை. 450 தானாகவே ஒன்பதின் மடங்கு. இடம் மாறினால் வித்தியாசம் கட்டாயம் ஒன்பதால் போகும், ஆனால் ஒன்பதால் போகிறதெல்லாம் இடம் மாறியதல்ல. ஏதோ ஒரு தொகை விட்டுப்போனாலும் ஒன்பது தடவைக்கு ஒரு தடவை அது ஒன்பதால் போகத்தான் செய்யும். அன்றைக்குக் கடைசி பஸ்ஸைப் பிடிக்க ஓடிய ஓட்டம் இன்னும் ஞாபகமிருக்கிறது.

ஒன்பது என்றதும் கூட்டு எண்ணைச் சொல்லாமல் இருக்க முடியாது. எங்கள் தெருவில் ஆட்டோ வைத்திருக்கும் அண்ணன் ஒருவர், வண்டி எடுக்கும்போது டி.என். 03 என்று ஆரம்பிக்கும் நம்பரில் கடைசி நாலு இலக்கமும் கூட்டினால் ஒன்பது வரவேண்டும் என்று அலைந்தார். எட்டு வந்தால் சனி, கூடவே கூடாது. கூட்டு எண் ஒன்பது என்றால் அந்த எண் ஒன்பதால் மீதியில்லாமல் வகுபடும் என்பதைத் தவிர வேறொன்றுமில்லை அண்ணே, ஒன்பது வண்டிக்கு ஒரு வண்டி அப்படித்தான் இருக்கும் என்று சொல்லிப் பார்த்தேன். ஏன் என்றால் மறுபடியும் பாயும் சில்லறையும்தான்: ஒவ்வொரு பத்து ரூபாயிலும் ஒன்பதைத் தள்ளினால் ஒன்று மிஞ்சும், நூறில் 99-ஐத் தள்ளினால் ஒன்று மிஞ்சும், ஆயிரத்தில் 999-ஐத் தள்ளினாலும் அப்படியே. மிஞ்சியதை எல்லாம் சேர்த்தால் அதுதான் இலக்கங்களின் கூடுதல். அண்ணன் பொறுமையாகக் கேட்டுவிட்டு, “கணக்கு வேற தம்பி, நேரம் வேற” என்றார். அவர் கேட்ட நம்பர் கிடைத்தது, வண்டியும் நன்றாகத்தான் ஓடுகிறது, எனவே என் வாயை மூடிக்கொள்கிறேன்.

ஆனால் கூட்டு எண்ணில் எனக்கு ஒரு குறை உண்டு, ஜோசியக் குறை இல்லை, வேலைக் குறை. கூடுதல் யார் யார் வந்திருக்கிறார்கள் என்று சொல்லும், யார் எங்கே உட்கார்ந்திருக்கிறார்கள் என்று சொல்லாது. 39-க்கும் 12, 93-க்கும் 12, 48-க்கும் 12. அதனால்தான் இந்தக் கணக்குகளில் கூடுதலைச் சொல்லிவிட்டு இரண்டாவதாக இன்னொரு துப்பு கொடுக்கிறார்கள். 5,820-ஐ 5,280 என்று எழுதினால் கூட்டு எண் மாறவே மாறாது, தப்பைக் காட்டிக்கொடுக்காது.

இதற்கு மாற்று வழி எங்கள் மெயின் ரோட்டிலேயே நிற்கிறது. கன்டெய்னரின் கதவைப் பாருங்கள். நாலு எழுத்து, ஆறு இலக்கம், அப்புறம் கட்டம் போட்டு அதற்குள் தனியாக ஓர் இலக்கம். அந்தக் கட்டத்துக்குள் இருப்பது சரிபார்க்கும் இலக்கம். எழுத்துக்கெல்லாம் ஒரு மதிப்பு வைத்து, முதல் இடத்தை 1-ஆல், அடுத்ததை 2-ஆல், அப்புறம் 4, 8, 16 என்று இரட்டித்துக்கொண்டே பத்தாவது இடத்தை 512-ஆல் பெருக்கி, எல்லாவற்றையும் கூட்டி 11-ஆல் வகுத்தால் வரும் மீதிதான் அது. மீதி பத்து வந்தால் பூஜ்யம் போடுவார்கள். ஒவ்வொரு இடத்துக்கும் ஒரு எடை, அந்த எடை ஒன்றுக்கொன்று வேறு, அதனால் பக்கத்துப் பக்கத்து ஆட்கள் இடம் மாறி உட்கார்ந்தால் மொத்தம் மாறிவிடும்.

நானே ஒரு தடவை மாட்டியிருக்கிறேன். மழை நாள், டிரெய்லர்காரர் போனில் கன்டெய்னர் நம்பரைச் சொல்லச் சொல்ல எழுதினேன், ஆறு இலக்கத்தில் மூன்றாவதும் நாலாவதும் 58 என்று வரவேண்டியதை 85 என்று எழுதிவிட்டேன். கம்ப்யூட்டரில் ஏற்றினால் ஏற மாட்டேன் என்கிறது. அந்த இரண்டு இடத்தின் எடை 64-ம் 128-ம். சரியான நம்பரில் அந்த இரண்டும் சேர்ந்து 5 × 64 + 8 × 128 = 1,344. நான் எழுதியதில் 8 × 64 + 5 × 128 = 1,152. வித்தியாசம் 192, அதை 11-ஆல் வகுத்தால் 5 மீதி. மீதி ஐந்து தள்ளிப் போனால் கட்டத்துக்குள் இருக்கிற இலக்கம் எப்படி ஒத்துப்போகும்? அன்றைக்கு அது தடுத்திருக்காவிட்டால் வேறு யாருடைய பெட்டிக்கோ நான் பேப்பர் போட்டிருப்பேன். பள்ளிக்கூடத்தில் ‘இலக்கங்களை இடம் மாற்றினால்’ என்று படித்தபோது எவன்டா வேலைவெட்டி இல்லாமல் இலக்கத்தை இடம் மாற்றுவான் என்று நினைத்தவன் நான். அவசரத்தில் எழுதுகிற எல்லாரும் மாற்றுகிறோம்.

மாடிக்கு வருவோம். தாளில் இரண்டாவது கணக்கு: ஓர் ஈரிலக்க எண் அதன் இலக்கங்களின் கூடுதலைப் போல 4 மடங்கு, அதோடு 27-ஐக் கூட்டினால் இலக்கங்கள் இடம் மாறும். முதல் பாதியை மட்டும் எழுதச் சொன்னேன். 10ப + ஒ = 4ப + 4ஒ. அதாவது 6ப = 3ஒ, ஒ என்பது ப-வைப் போல இரண்டு மடங்கு. சாதாரணச் சமன்பாடு என்றால் இதற்கு முடிவே இல்லாமல் விடை வரும். இங்கே நாலுதான்: 12, 24, 36, 48. அதற்கு மேல் போனால் ஒன்றாம் இடத்தில் பத்து வந்துவிடும், இலக்கம் என்றால் 0 முதல் 9 வரைதான், அரை கிடையாது, மைனஸ் கிடையாது. இந்தக் கணக்குகளில் யாரும் எழுதாமல் விடுகிற துப்பு இதுதான், எனக்கு இதில் பிடித்ததும் இதுதான். 27 வித்தியாசம் என்றால் இலக்கங்களுக்குள் மூன்று வித்தியாசம், 36 என்று கையைக் காட்டிவிடலாம். பையன் அதோடு நிற்காமல் நாலையும் திருப்பி 21, 42, 63, 84 என்று எழுதி, அவை தங்கள் கூடுதலைப் போல ஏழு மடங்கு என்று கண்டுபிடித்தான். ஏன் ஏழு என்று கொஞ்ச நேரம் வானத்தைப் பார்த்தான். எண்ணையும் அதன் திருப்பத்தையும் கூட்டினால் எப்போதும் கூடுதலைப் போல 11 மடங்கு வரும், நாலு போனால் மிச்சம் ஏழு. இதைச் சொல்லாமல் விட்டேன். அவனாகவே வரட்டும். (அடுத்த நாள் காலையில் பல் தேய்த்துக்கொண்டே வந்து சொன்னான்.)

இதற்கு நடுவில் திருவொற்றியூரையும் திருப்பிப் பார்த்திருந்தோம். எங்கள் எண் 19, திருப்பினால் 91, மடிப்பாக்கம். அங்கே என் சித்தப்பா வீடு, போய் வர அரை நாள் ஆகும். 19-ஐயும் 91-ஐயும் பெருக்கிப் பார் என்றேன். நோட்டின் ஓரத்தில் பெருக்கினான்: 1729.

ராமானுஜன் எண் என்று அவனுக்குத் தெரிந்திருந்தது, பள்ளிக்கூடச் சுவரில் எழுதியிருக்கிறதாம். அவரைப் பார்க்க இங்கிலாந்துக் கணிதப் பேராசிரியர் ஹார்டி வந்த டாக்ஸியின் நம்பர், இரண்டு கன எண்களின் கூடுதலாக இரண்டு விதத்தில் எழுதக்கூடிய மிகச் சிறிய எண், 1-ம் 1,728-ம், 729-ம் 1,000-மும், அதெல்லாம் சொன்னான். ஆனால் அதன் இலக்கங்களைக் கூட்டிப் பார்த்ததில்லை. 1 + 7 + 2 + 9 = 19. அந்த 19-ஐ அதன் திருப்பமான 91-ஆல் பெருக்கினால் மறுபடியும் 1729. நான் பதினைந்து வருஷத்துக்கு முன்னால் இதைத் தெரிந்துகொண்டபோது எனக்கு வந்த முகம் அப்படியே அவனுக்கும் வந்தது. கணிதத்தில் இதற்குப் பெரிய மதிப்பு இல்லை, எண்களைப் பத்துப் பத்தாகப் பிரித்து எழுதுவதால் வருகிற வேடிக்கை, அவ்வளவுதான். ஆனாலும் திருவொற்றியூரை மடிப்பாக்கத்தால் பெருக்கினால் ராமானுஜன் வருகிறார் என்றால் யாருக்குத்தான் சந்தோஷமாக இருக்காது?

அவர் வேறு எங்கோ இருந்தவரும் இல்லை. 1912 மார்ச் 1-ஆம் தேதி மெட்ராஸ் போர்ட் டிரஸ்ட்டில் குமாஸ்தாவாகச் சேர்ந்து, மாதம் 30 ரூபாய் சம்பளத்துக்குக் கணக்கு எழுதியவர். 1914 மார்ச்சில் இங்கிருந்துதான் கப்பல் ஏறினார். நான் தினமும் பேப்பர் தூக்கிக்கொண்டு போன அதே ஹார்பர். ராயபுரத்தில் அவர் பெயரில் சின்னதாக ஓர் அருங்காட்சியகம் இருக்கிறது, முத்தியால்பேட்டைப் பள்ளியில் கணக்கு வாத்தியாராக இருந்த பி.கே.சீனிவாசன் ஆசை ஆசையாகச் சேர்த்து வைத்தது. கல்வெட்டு மாதிரியே இதற்கும் பையனைக் கூட்டிப்போக வேண்டும், பட்டியல் நீண்டுகொண்டே போகிறது.

அக்கா சாப்பிடக் கூப்பிட்டாள். எழுந்திருக்கும்போது சும்மா இருக்காமல் நான்தான் வாயைக் கொடுத்தேன். “திருவொற்றியூருக்கு இன்னொரு வேலையும் உண்டுடா. ரெண்டு இலக்கத்தையும் கூட்டு, அதோட ரெண்டையும் பெருக்கினதையும் சேத்துக்கோ.” ஒன்றும் ஒன்பதும் பத்து, ஒன்றை ஒன்பதால் பெருக்கினால் ஒன்பது, மொத்தம் 19. அவன் உடனே வியாசர்பாடியைப் போட்டுப் பார்த்தான். 3 + 9 = 12, 3 × 9 = 27, மொத்தம் 39. “மாமா, நம்ம பக்கமே இப்டித்தானா?” ராயபுரத்தைப் போட்டான், 13-க்கு 7 வந்தது, முகம் சுருங்கியது. தண்டையார்பேட்டை 81-க்கு 17. அதுவும் போச்சு.

“சமன்பாடு எழுதிப் பாரு” என்று சொல்லிவிட்டு நான் பாயைச் சுருட்டினேன். மாடிப் படியிலேயே உட்கார்ந்து எழுதினான். 10ப + ஒ = ப + ஒ + ப × ஒ. இந்த முறை இரண்டு எழுத்துக்கு நடுவில் பெருக்கல் குறியை மறக்காமல் போட்டிருந்தான், அதைப் பார்த்தேன். இரண்டு பக்கமும் ஒ-வை அடித்தான், ப-வைக் கழித்தான். 9ப = ப × ஒ. கொஞ்ச நேரம் பென்சிலைக் கடித்தான்.

“ஒ வந்து ஒம்போது. ப எதுவா இருந்தாலும் பரவால்ல.”

அப்புறம் என் போனை வாங்கிக்கொண்டு ஒன்பதில் முடிகிற அஞ்சல் குறியீடாகத் தேட ஆரம்பித்தான். 49 வில்லிவாக்கம், 79 சௌகார்பேட்டை, 99 கொளத்தூர். ஒவ்வொன்றையும் கூட்டிப் பெருக்கிச் சரிபார்த்தான், சமன்பாடு சொல்லியும் நம்பாமல். அக்கா மூன்றாவது தடவை கூப்பிட்டபோது குரல் வேறு மாதிரி இருந்தது. தாளில் மூன்றாவது கணக்கு அப்படியே கிடந்தது.